ஒரு பேரி மரமும் பதினான்கு வீட்டுக் குடங்களும்

உதவி தோட்டக்கலை அலுவலராக நான் வேலை பார்த்த கடைசி வருஷங்களில், பேரி மரம் காய்க்கவில்லை என்று எனக்கு மூன்று மனுக்கள் வந்தன. மூன்றும் ஒரே மரத்தைப் பற்றியவை. அந்த மரம் ஊட்டியிலோ கொடைக்கானலிலோ இல்லை. பழவேற்காடு ஏரிக்கரையில், கதவைத் திறந்தால் உப்புக் காற்று மூஞ்சியில் அடிக்கிற ஒரு மீனவர் குப்பத்தில் இருந்தது. இன்னும் இருக்கிறது. அதுதான் என் தலைவலியே.

புதிதாக வேலைக்குச் சேர்ந்த பிள்ளைகள் சிலர், "உங்க சர்வீஸ்ல நடந்த எதையாவது எழுதிக் குடுங்க மேடம், எங்களுக்கு உபயோகமா இருக்கும்" என்று கேட்டார்கள். மா அடர்நடவு பற்றியோ சொட்டுநீர் மானியம் பற்றியோ எழுதுவேன் என்று எதிர்பார்த்திருப்பார்கள். எழுதலாம்தான். ஆனால் பேனாவை எடுத்தால் இந்தச் சனியன் பிடித்த மரம்தான் ஞாபகத்துக்கு வருகிறது. குப்பத்தின் பெயரைச் சொல்லப் போவதில்லை. சொன்னால் அதற்கும் ஒரு மனு வரும்.

1. முதல் மனு

எங்கள் ஏ.டி. சார், அதாவது உதவி இயக்குநர், நல்ல மனிதர். அவருக்கு ஒரே ஒரு பயம்தான்: ஆபீஸில் நிலுவை மனு இருக்கக் கூடாது. பங்குனி மாதம் ஒரு திங்கட்கிழமை, குறைதீர்க்கும் நாள் கூட்டம் முடிந்து வந்தவர் என் மேஜையில் ஒரு காகிதத்தை வைத்தார்.

"மேடம், பேரிக்காயாம். பழவேற்காட்டுல. காய்க்கலையாம். வெள்ளிக்கிழமைக்குள்ள முடிச்சிடுங்க."

"எதை சார் முடிக்கறது? மரத்தையா?"

"மனுவை மேடம்."

மனு பளிச்சென்று டைப் அடிக்கப்பட்டிருந்தது. 'இரண்டு ஆண்டுகளாகியும் காய்க்காத பேரி மரம் காய்த்திட ஆவன செய்யுமாறு' கேட்டு, கீழே அஞ்சலை என்று கோணல் மாணலாக ஒரு கையெழுத்து. பொன்னேரியில் இருந்து பஸ் பிடித்து, திருப்பாலைவனம் தாண்டி, பழவேற்காட்டில் இறங்கி, பாலத்துக்கு அப்பால் ஷேர் ஆட்டோவில் குலுங்கிப் போய்ச் சேர்ந்தேன்.

அஞ்சலைக்கு நாற்பத்தைந்து வயது இருக்கும். கணவர் நெஞ்சு வலியில் போய்ச் சேர்ந்து மூன்று வருஷம். ஒரே மகளை ஆரம்பாக்கத்தில் கட்டிக் கொடுத்துவிட்டாள். காலையில் மீன் கூடையோடு பஸ் ஏறித் திருப்பாலைவனம் பக்கத்துத் தெருக்களில் விற்றுவிட்டு மதியம் திரும்புவாள். அப்படித் திரும்பும்போது ஒருநாள் சாலையோரம் வேனில் செடி விற்றவனிடம் இந்தப் பேரிக் கன்றை வாங்கியிருக்கிறாள்.

"ஆப்பிளு, பேரி எல்லாமே நம்மூர்லயே காய்க்கும்னு சொன்னான் மேடம். ரெண்டே வருசம்னான்."

"ஒரு மாங்கன்னு வாங்கியிருக்கலாமே அஞ்சலை?"

"அது எல்லார் வூட்லயும் கீது. ஊர்ல யார்கிட்டயும் இல்லாதது ஒண்ணு என்கிட்ட இருக்கட்டும்னுதான் வாங்கினேன்."

மரம் என் தோள் உயரத்துக்கு நின்றது. செத்துக் கிடக்கும் என்று நினைத்துப் போன எனக்கு, எண்ணெய் தேய்த்துவிட்ட மாதிரி மின்னுகிற இலைகளைப் பார்த்ததும் எரிச்சலாக வந்தது. செத்திருந்தால் அன்றைக்கே வேலை முடிந்திருக்கும்.

நிதானமாகத்தான் விளக்கினேன். பேரி மலைப்பயிர். குளிர்காலத்தில் இலையெல்லாம் உதிர்த்துவிட்டு அது தூங்க வேண்டும். தூங்கி எழுந்தால்தான் பூக்கும். "இதுக்கு நல்ல குளிர் வேணும்மா. வாரக் கணக்குல வேணும். வெட்டிட்டு ஒரு சப்போட்டா வைங்க. இந்த மணலுக்கு ஜம்முனு வரும்" என்றேன்.

வேலிக்கு அந்தப் பக்கம் ஒரு தலை தெரிந்தது. பக்கத்து வீட்டு சரோஜா. ஐம்பதைத் தாண்டிய பெண்மணி. அவளுடைய மகன் காட்டுப்பள்ளித் துறைமுகத்தில் ஆபீஸ் வேலையில் இருக்கிறான். அந்த மனுவை டைப் அடித்தவன் அவன்தான்.

"குளிர்தான மேடம் வேணும்?" என்றாள் சரோஜா.

"ஆமா, குளிர்தான் வேணும்" என்று சொல்லிவிட்டுக் கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்து வந்துவிட்டேன். 'நேரில் ஆய்வு செய்யப்பட்டு, உரிய விளக்கம் அளிக்கப்பட்டது' என்று எழுதி மனுவை முடித்தேன். பிள்ளைகளே, மீன் வியாபாரம் செய்கிறவர்கள் "குளிர்தானே வேண்டும்" என்று கேட்டால், அதற்கு ஆமாம் என்று சொல்லிவிட்டு ஆட்டோ ஏறக் கூடாது.

2. ஐஸ்

வைகாசியில் இரண்டாவது மனு வந்தது. 'அலுவலர் அவர்களின் ஆலோசனைப்படி குளிர் கொடுத்தும் மரம் காய்க்கவில்லை. மேலும் இலை கருகுகிறது.'

ஏ.டி. சார் கண்ணாடிக்கு மேலே என்னைப் பார்த்தார். "மரத்துக்குக் குளிர் குடுக்கச் சொன்னீங்களா மேடம்?"

"குளிர் வேணும்னுதான் சார் சொன்னேன். குடுக்கச் சொல்லல."

"அதுல என்ன மேடம் வித்தியாசம்?"

வித்தியாசத்தை அங்கே போய்த்தான் பார்த்தேன். மரத்தைச் சுற்றி ஒரு சிமென்ட் கிணற்று உறையைப் பாதி புதைத்திருந்தார்கள். உறைக்குள் ஐஸ். மீன் பெட்டியில் போடுகிற, செதிலும் கவிச்சியும் கலந்த, பொடித்த ஐஸ். வியாபாரம் முடிந்து மிஞ்சியதைத் தெர்மாகோல் பெட்டியோடு கொண்டுவந்து தினமும் கொட்டியிருக்கிறார்கள். அதன் மேல் ஈரச் சாக்கு. சாக்கை விலக்கினால் கை கையாக அள்ளிப் போட்ட கல் உப்பு.

"உப்பு எதுக்கு?" என்று கேட்டேன்.

"இன்னா மேடம், இது தெரியாதா? உப்பு போட்டாதான் ஐஸ் ஜாஸ்தி குளிரும்" என்றாள் சரோஜா, படிக்காத பிள்ளைக்குச் சொல்வது மாதிரி.

"எத்தனை நாளா?"

"நாப்பத்தெட்டு நாளு. ஒரு மண்டலம் வெச்சாதான் எதுவும் வேலை செய்யும்."

இலைகளின் ஓரமெல்லாம் தீயில் காட்டின காகிதம் போலச் சுருண்டிருந்தது. உப்பு அடித்த செடியை எந்தத் தோட்டக்காரரும் பார்த்தவுடன் சொல்லிவிடுவார். ஆனாலும் மண்ணைக் கரைத்து, உப்பை அளக்கிற ஈ.சி. மீட்டரை விட்டுப் பார்த்தேன். மீட்டர் எகிறிய எகிறலில், ஏரித் தண்ணீரில் விட்டுவிட்டேனா என்று எனக்கே சந்தேகம் வந்தது.

அன்றைக்கு நான் கத்திய கத்தலை அந்தக் குப்பம் இன்னும் மறக்கவில்லை. அஞ்சலை தலையைக் குனிந்துகொண்டு நின்றாள். சரோஜா குனியவில்லை. "நீங்கதான மேடம் குளிர் வேணும்னீங்க" என்றாள். நான் இன்னும் கொஞ்சம் கத்தினேன்.

பிறகு மருந்து சொன்னேன். உப்பு ஏறின மண்ணுக்கு வைத்தியம் ஒன்றுதான்: நல்ல தண்ணீரை நிறைய விட்டு உப்பைக் கீழே இறக்க வேண்டும். "குடி தண்ணி ஊத்துங்க. மணல்ல தோண்டி எடுக்கற ஊத்து தண்ணி வேணாம், அது வெயில் காலத்துல கரிக்கும். பைப்புல வர்ற நல்ல தண்ணி. நிறைய ஊத்துங்க. நிறுத்தாம ஊத்துங்க."

"நான் ஒருத்தி அவ்ளோ தண்ணி எப்படி மேடம் தூக்கறது?" என்றாள் அஞ்சலை.

"அக்கம் பக்கத்துல கேளுங்க. ஐஸ் வெக்க மட்டும் கூட்டம் சேர்ந்துச்சு இல்ல?"

எத்தனை குடம் என்று சொல்லவில்லை. எத்தனை நாள் என்றும் சொல்லவில்லை. அந்த உறையை எடுக்கச் சொல்லவும் மறந்துவிட்டேன். கடைசி பஸ் போய்விடுமோ என்ற அவசரம். முப்பது வருஷ அனுபவம் இருந்து என்ன செய்ய?

3. மழையில் ஒரு குடம்

மூன்றாவது மனு கார்த்திகையில் வந்தது. இந்த முறை அதன் கீழே பதினான்கு கையெழுத்துகள். 'தொடர்ந்து தண்ணீர் ஊற்றியும் இலை மஞ்சளாகி உதிர்கிறது.' நான் படித்துவிட்டு நெற்றியைப் பிடித்துக்கொண்டேன். ஏ.டி. சார் ஜீப்பைக் கொடுத்தார். அவர் ஜீப்பைக் கொடுத்தால் நிலைமை மோசம் என்று அர்த்தம்.

ஒரு வாரமாக அடைமழை. பாலத்தின் மேலேயே காற்று என் குடையைப் பிய்த்துவிட்டது. கம்பியும் துணியுமாகத் தொங்கிய குடையோடு அஞ்சலை வீட்டு வாசலில் போய் இறங்கினேன். அங்கே கண்டதை என் சர்வீஸில் வேறு எங்கேயும் கண்டதில்லை. கொட்டுகிற மழையில், தலையில் உரச்சாக்கைக் கவிழ்த்துக்கொண்டு, சரோஜா குடத்தில் தண்ணீர் கொண்டுவந்து மரத்துக்கு ஊற்றிக்கொண்டிருந்தாள்.

உறைக்குள் தண்ணீர் தளும்பி நின்றது. மரம் தண்ணீருக்குள் நின்றது. மேலே மழை. நடுவில் சரோஜாவின் குடம்.

"என்னம்மா பண்றீங்க?" என்று அலறினேன்.

"இன்னிக்கு என் பாடு மேடம்."

பாடு என்றால் என்னவென்று ஏரிக்கரையில் வேலை பார்க்கிற எல்லோருக்கும் தெரிந்திருக்க வேண்டும். ஏரியில் இறால் வலை கட்ட நல்ல இடங்கள் கொஞ்சம்தான். ஆளுக்கு ஆள் அடித்துக்கொள்ளாமல் இருக்க, ஊரில் உள்ள வீடுகளின் பெயர்களைப் பட்டியல் போட்டு, முறை வைத்து இடத்தை விடுவார்கள். அந்த முறைதான் பாடு. உன் பாடு அன்றைக்கு அந்த இடம் உன்னுடையது. வேறு எவனும் அங்கே கழி நடக் கூடாது. அன்றைக்கு நீ போகாவிட்டால் பாடு போய்விடும். போகாமலே இருந்தால் பட்டியலில் இருந்து பெயரும் போய்விடும்.

என்ன நடந்ததென்றால், நான் அக்கம் பக்கத்தில் கேட்கச் சொன்னேன் அல்லவா, அஞ்சலை கேட்டிருக்கிறாள். பெண்கள் கூடிப் பேசி, தங்களுக்குத் தெரிந்த ஒரே முறையில் வேலையைப் பிரித்துக்கொண்டார்கள். பதினான்கு வீடு, பதினான்கு நாள், வீட்டுக்கு ஒரு நாள் பாடு. பாடு உள்ள வீடு அன்றைக்குத் தண்ணீர் ஊற்றும். எத்தனை குடம் என்பது அவரவர் இஷ்டம். பதிலுக்கு, மரம் காய்க்கும் காலத்தில் யாருடைய பாட்டில் எந்தக் காய் பழுக்கிறதோ அது அந்த வீட்டுக்கு. காய்க்கவே போகாத மரத்தின் காய்களைச் சண்டை சச்சரவில்லாமல் பங்கு பிரித்து முடித்திருந்தார்கள்.

வைகாசியில் ஆரம்பித்த பாடு. முதல் மாதம் அது சரியான வைத்தியம்தான்; உப்பு இறங்கி, புதுத் தளிர் விட்டிருக்கிறது. அதோடு நிறுத்தியிருக்க வேண்டும். யாரும் நிறுத்தவில்லை. வீடு கட்டியபோது ஏரிக் களிமண்ணைக் கொட்டி மேலே மணல் பரப்பியிருந்தார்கள். அந்த மணல் நிறைந்த பிறகு அடியில் தண்ணீர் இறங்க வழியில்லை. சுற்றிலும் கிணற்று உறை. மரம் கிணற்றுக்குள் நின்றது மாதிரிதான்.

"மழை பெய்யுதே, கண்ணு தெரியலையா? இன்னும் பத்து நாள் இதுக்குச் சொட்டுத் தண்ணி ஊத்தக் கூடாது. வேர் அழுகிடும். அழுகிட்டு கீது!" என் வாயிலும் அவர்கள் பேச்சே வந்துவிட்டது.

சரோஜா குடத்தை இடுப்பில் இருந்து இறக்கவில்லை. "பத்து நாளுன்னா பத்து வூட்டுப் பாடு மேடம். யார் பாட்ட நிறுத்தறது? என்னுத நிறுத்துனா நாளைக்குப் பாடு உள்ளவ ஊத்துவா. அவ பாடு நிக்கும், என் பாடு பூடும்."

"யாருமே ஊத்தாதீங்க!"

"அப்ப எல்லார் பாடும் பூடுமே."

இதற்குள் மற்ற வீட்டுப் பெண்களும் சாக்கையும் பிளாஸ்டிக் தாளையும் தலையில் போட்டுக்கொண்டு வந்து சேர்ந்தார்கள். ஒருத்தியும் மரத்தைப் பார்க்கவில்லை. எல்லோரும் யார் பாடு போகும் என்பதையே பேசினார்கள். நானும் விடவில்லை. "இது காய்க்கவே காய்க்காது. அப்புறம் எதுக்கு இந்தப் பாடு?" என்று கேட்டேன்.

"ஏரியில மீன் கீதான்னு பாத்துட்டா பாடு வாங்கறோம்?" என்றாள் சரோஜா. "பாடு இடத்துக்கு மேடம். மீனுக்கு இல்ல."

எனக்குப் பொறுமை போய்விட்டது. இன்றோடு பாடும் கிடையாது, பட்டியலும் கிடையாது. அஞ்சலையைத் தவிர வேறு யாரும் இந்த மரத்தின் பக்கம் வரக் கூடாது. மீறினால் ஆளை விட்டு வெட்டிவிடுவேன் என்று உத்தரவு போட்டேன். அப்படி வெட்ட எனக்கு எந்த அதிகாரமும் இல்லை. பெண்கள் ஒவ்வொருவராகக் கலைந்து போனார்கள். சரோஜா மட்டும் போகாமல், வெறும் குடத்தோடு கூரை ஓரம் ஒதுங்கி நின்றாள்.

4. அஞ்சலை சொன்னது

அஞ்சலை என்னை உள்ளே கூப்பிட்டுத் துண்டு கொடுத்தாள். தலையைத் துவட்டும்போது மெதுவாகச் சொன்னாள்: "மேடம், மரம் செத்தாக்கூடப் பரவால்ல. அவங்கள வரவேணாம்னு மட்டும் சொல்லாதீங்க."

"என்ன பேச்சு இது? மரத்துக்காகத்தானே மூணு மனு போட்டீங்க?"

அவள் வாசலைப் பார்த்துக்கொண்டே விஷயத்தைச் சொன்னாள். கணவர் இருந்தவரை ஏரிப் பட்டியலில் அவர்கள் வீட்டுப் பெயர் ஏழாவதாக இருந்தது. அவர் போன பிறகு, ஆண் பிள்ளை இல்லாத வீடு என்பதால், அடுத்த பட்டியலில் அந்தப் பெயர் இல்லை. யாரும் கெட்ட எண்ணத்தில் எடுக்கவில்லை. ஊர் வழக்கம் அது.

"பேர எடுத்தப்புறம் யாரும் வூட்டுப் பக்கம் வர மாட்டாங்க மேடம். கோவம் ஒண்ணும் இல்ல. வேலை இல்ல, அவ்ளோதான். வர்றதுக்கு ஒரு வேலை வேணுமில்ல? இன்னிக்குப் பாடு யாருது, நாளைக்கு யாருதுன்னு ஏழு மாசமா தெனம் ஒரு ஆள் என் வாசல்ல வந்து நிக்குது. இந்த மரத்துப் பட்டியல்ல மொதல் பேரு என்னுது."

நான் துண்டைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். மூன்று முறை வந்தும் மரத்தை மட்டுமே பார்த்திருக்கிறேன். இலையைப் பார்த்தேன், மண்ணைப் பார்த்தேன், மீட்டரைப் பார்த்தேன். இந்தப் பெண்ணை ஒரு தடவையாவது உட்கார வைத்துக் கேட்டிருக்கலாம். வெட்கமாக இருந்தது. அந்த வெட்கத்துக்கும் சேர்த்துக் கோபம் வந்தது. என்ன கோபம் வந்தாலும் கணக்கு நேராக நின்றது: இப்படியே ஊற்றினால் மரம் இந்த மாதமே சாகும். மரம் செத்தால் பட்டியலும் சாகும். பட்டியலை நிறுத்தினால் மரம் பிழைக்கும். அஞ்சலையின் வாசல் பழையபடி ஆகிவிடும்.

வெளியே வந்தேன். சரோஜா இன்னும் அங்கேயே நின்றாள்.

"ஏம்மா, ஏரியில காத்து ஏடாகூடமா இருக்கு. வலை கட்ட முடியாது. அன்னிக்கு உங்க வீட்டுப் பாடு. என்ன பண்ணுவீங்க?" என்று கேட்டேன். திட்டம் எதுவும் போட்டுக் கேட்கவில்லை. எரிச்சலில் கேட்டதுதான்.

"போவோம்."

"காத்துல போய் என்ன பண்ணுவீங்க?"

"அந்தக் காலத்துல எங்க நைனா போவாரே. போயி, இடத்துல நட்ட கழியத் தொட்டுட்டுத் திரும்பி வந்துடுவாரு. தொட்டாச்சுன்னா பாடு பாடுதான். வலை கட்டணும்னு சட்டமா இன்னா?"

"மீன் பிடிக்காட்டியும்?"

"பிடிக்காட்டியும். போவாம வூட்ல படுத்துகினு இருந்தாதான் பாடு போவும்."

"அப்போ இதையும் தொட்டுட்டுப் போங்களேன், புண்ணியமாப் போகும்!" என்று கத்தினேன்.

சரோஜா என்னைப் பார்த்தாள். மரத்தைப் பார்த்தாள். குடத்தை முதல் முறையாகக் கீழே வைத்தாள்.

5. குடைக் கம்பி

அன்று மதியமே பதினான்கு பேரும் மறுபடி கூடினார்கள். சரோஜா எடுத்துச் சொன்னாள். நான் வாயைத் திறக்கவில்லை. அந்த மரத்தின் விஷயத்தில் நான் செய்த முதல் புத்திசாலித்தனம் அதுதான். ஊற்றாமல் போனால் பாடு செல்லுமா என்று ஒருத்தி கேட்டாள். கழியைத் தொட்டால் செல்லும் என்றால் இதுவும் செல்லும் என்று முடிவானது. ஆனால் சும்மா தொட்டால் போதாது, பார்த்ததற்கு ஓர் அடையாளம் வேண்டும் என்றார்கள்.

என் உடைந்த குடையில் இருந்து ஒரு கம்பியை உருவினேன். "இதை ஒரு சாண் ஆழத்துக்கு மண்ணுல குத்தணும். வெளிய எடுத்தா மண்ணு ஒட்டிகிட்டு வந்துச்சுன்னா ஈரம் இருக்கு. ஊத்தக் கூடாது. கம்பி சுத்தமா வந்தா ரெண்டு குடம். அதுக்கு மேல ஒரு சொட்டு கிடையாது. குத்திப் பார்த்தவங்க ஒரு கிளிஞ்சலை உறை மேல வெச்சிட்டுப் போகணும்." இந்தத் தடவை எத்தனை குடம், எவ்வளவு ஆழம், எந்த இடத்தில் என்று மூன்று முறை சொன்னேன். அவர்களைத் திருப்பிச் சொல்லவும் வைத்தேன்.

பிறகு சரோஜா உளியும் சுத்தியலும் கொண்டுவந்தாள். உறையின் அடியில் நான்கு பக்கமும் ஓட்டை போட்டோம். ஏழு மாதத்துத் தண்ணீர் கவிச்சி வாடையோடு புஸ்ஸென்று வெளியே வந்து என் செருப்பை நனைத்தது. தண்டைச் சுற்றி மண்ணை விலக்கி, அழுகின வேரை வெட்டி, காப்பர் ஆக்ஸிகுளோரைடு கரைசல் ஊற்றி, ஏரிப் பக்கமாக ஒரு வாய்க்கால் வெட்டிவிட்டு வந்தேன்.

மரம் மார்கழி முழுக்க மொட்டையாக நின்றது. செத்துவிட்டது என்றே நினைத்தேன். பதினான்கு வீடும் நினைத்திருக்கும். ஆனாலும் ஒருத்தியும் பாட்டை விடவில்லை. தை பிறந்ததும், கிளை நுனியில் பச்சையாக ஏதோ தெரிகிறது என்று அஞ்சலை போன் செய்தாள். சொல்லும்போது அழுதாள். நான் அழவில்லை. கண்ணில் தூசி.

ஏ.டி. சார் கேட்டார்: "காய்ச்சிடுச்சா மேடம்?"

"காய்க்காது சார்."

"அப்புறம் மனுவை எப்படி முடிக்கறது?"

"இனிமே மனு வராது சார்."

வரவும் இல்லை. அடுத்த வருஷம் மாசியில், எந்தப் புத்தகத்துக்கும் கட்டுப்படாமல், ஒரே ஒரு கொத்து வெள்ளைப் பூ பூத்தது. அது தன் பாட்டில்தான் பூத்தது என்று சரோஜாவும், முந்தின நாளே மொட்டு இருந்தது, ஆகவே தன்னுடையது என்று இன்னொருத்தியும் மூன்று நாள் பேசிக்கொள்ளாமல் இருந்தார்கள். நான்காம் நாள் கடல் காற்று பூவை எடுத்துக்கொண்டு போனதும் சமாதானம் ஆனார்கள்.

6. பதினைந்தாவது பெயர்

போன வருஷம் ஓய்வு பெற்றேன். மாலை போட்டார்கள், கடிகாரம் கொடுத்தார்கள், வீட்டுக்கு வந்து காலை நீட்டிப் படுத்தேன். இனி எந்த மரமும் என் பொறுப்பில்லை என்று நினைத்த நினைப்பு ஒரு வாரம் நீடித்தது.

"மேடம், நாளைக்கு உங்க பாடு" என்றாள் சரோஜா போனில்.

"என்ன பாடு?"

"மரத்துப் பாடுதான். பதினஞ்சாவது பேரா உங்களைச் சேத்தாச்சு. கூட்டம் போட்டுதான் சேத்தோம்."

"நான் ரிடயர் ஆயிட்டேன்மா."

"அதனாலதான் சேத்தோம். வேலையில இருக்கறப்ப சேத்தா தப்பாப் பேசுவாங்க இல்ல?"

முழங்கால் வலி, ரெண்டு வண்டி மாற வேண்டும், குத்திப் பார்க்கிற கம்பியை யார் குத்தினால் என்ன, எனக்குப் பதில் நீயே குத்திவிடு என்று ஒவ்வொன்றாகச் சொன்னேன். அதெல்லாம் பாட்டில் கிடையாது என்றாள். கடைசியில் கொஞ்சம் கடுமையாகவே, வர முடியாது என்று சொல்லிவிட்டேன். அந்தப் பக்கம் போன் கை மாறியது. அஞ்சலை பேசினாள்.

"முடியலன்னா வேணாம் மேடம். ஒடம்பப் பாத்துக்கோங்க. பேரு பூடும், அவ்ளோதான். வேற ஒண்ணும் ஆவாது."

அவள் என்னைக் குத்திக்காட்டவில்லை. நடக்கப் போவதைச் சொன்னாள். பேர் போனால் என்ன ஆகும் என்பதை அந்த ஊரில் அவளைவிட நன்றாக அறிந்தவர் யாரும் இல்லை. மறுநாள் காலை முதல் பஸ்ஸைப் பிடித்தேன்.

பிள்ளைகளே, உங்களுக்குப் பாடம் வேண்டும் என்றீர்கள். உரம் எவ்வளவு, மருந்து எவ்வளவு என்பதெல்லாம் கையேட்டில் இருக்கிறது. கையேட்டில் இல்லாதது இது. குளிர் வேண்டும், தண்ணீர் ஊற்றுங்கள், அக்கம் பக்கத்தில் கேளுங்கள் என்று நான் வாய் தவறிச் சொன்னதைக்கூட அந்த ஜனங்கள் சிரத்தையாகச் செய்தார்கள். நான் தோற்றது, சும்மா இருங்கள் என்று சொன்ன இடத்தில்தான். ஒருவரை ஒரு வேலையை நிறுத்தச் சொல்வதற்கு முன்னால், அந்த வேலை அவருக்கு வேறு எதையெல்லாம் கொடுக்கிறது என்று கேளுங்கள். கேட்டுவிட்டு, அவர் கைக்கு வேறொன்றைக் கொடுங்கள். என்னுடைய விஷயத்தில் அது ஓர் உடைந்த குடையின் கம்பி.

பதினைந்து நாளுக்கு ஒரு முறை போகிறேன். நாளை மறுபடி என் பாடு. இரண்டு நாளாக நல்ல மழை. மண்ணில் ஈரம் இருக்கும், ஒரு குடம்கூட ஊற்ற வேண்டியிருக்காது. இதை வீட்டில் இருந்தே சொல்லிவிடலாம். முழங்காலுக்குத் தைலம் தேய்த்தாயிற்று. காலையில் ஆறு மணிக்குப் பஸ்.